ஜே. எட்கர் தாம்சன்: பென்சில்வேனியா ரயில்பாதையை உருவாக்கியவர்

ஜான் எட்கர் தாம்சன் (10 பிப்ரவரி 1808 – 27 மே 1874) அமெரிக்காவின் தொடக்ககால ரயில்வே பொறியாளர்களுள் ஒருவர். பென்சில்வேனியா ரயில்ரோடு நிறுவனத்தின் மூன்றாவது தலைவராக 1852 முதல் இறக்கும்வரை 22 ஆண்டுகள் பொறுப்பு வகித்தார். அவர் தலைவரானபோது அந்நிறுவனம் பென்சில்வேனியா மாநிலத்திற்குள் மட்டும் ஓடிய, இன்னும் கட்டி முடிக்கப்படாத ஒரு பாதை. அவர் மறைந்தபோது நியூயார்க் துறைமுகத்திலிருந்து சிகாகோ வரை, கிளைகளும் குத்தகைப் பாதைகளும் சேர்த்து ஏறத்தாழ 6,000 மைல் நீண்ட வலைப்பின்னலாக அது வளர்ந்திருந்தது.

அமெரிக்க ரயில்வே வரலாறு என்றதும் வாண்டர்பில்ட், ஜே கூல்டு போன்ற பெயர்கள்தாம் முதலில் நினைவுக்கு வரும். அவர்கள் பங்குச் சந்தையில் போர் நடத்தியவர்கள். செய்தித்தாள்களுக்குத் தீனி போட்டவர்கள். தாம்சன் அப்படியல்ல. மிகக் குறைவாகப் பேசுவார், மேடையேறுவதைத் தவிர்ப்பார். பொதுமக்களிடையே அவர் பெயர் மங்கிப்போனதற்கு இதுவும் ஒரு காரணம். ஆனால் ஒரு பெரிய தொழில் நிறுவனத்தை எப்படி நடத்துவது என்பதற்கு அமெரிக்கா பின்பற்றிய முறைகளில் பல அவருடைய அலுவலகத்தில் உருவானவை.

இளமையும் தொழிற்பயிற்சியும்

பிலடெல்பியா நகருக்கு அருகே டெலவேர் கவுண்டியின் ஸ்பிரிங்ஃபீல்டு பகுதியில் ஒரு குவேக்கர் குடும்பத்தில் தாம்சன் பிறந்தார். குவேக்கர்கள் எளிமையையும் அகிம்சையையும் வலியுறுத்தும் கிறித்தவப் பிரிவினர். பிலடெல்பியாவின் குவேக்கர் சபை 1776-லேயே தன் உறுப்பினர்கள் அடிமைகளை வைத்திருக்கக் கூடாது என்று தடை விதித்திருந்தது. தாம்சனின் பிற்கால வாழ்க்கையைப் படிக்கும்போது இந்தப் பின்னணியை மறக்காமல் இருப்பது நல்லது.

தந்தை ஜான் தாம்சன் நில அளவையாளர். தாமஸ் லைப்பர் என்பவர் தமது கல்குவாரியிலிருந்து படகுத்துறை வரை கற்களைக் கொண்டுசெல்ல, விலங்குகள் இழுக்கும் வண்டிகளுக்காக ஒரு சிறு தடம் அமைத்தார். அதன் வரைபடத்தை 1809-இல் வரைந்தவர் ஜான் தாம்சன்தான். அமெரிக்காவின் மிகப் பழைய தடங்களுள் அதுவும் ஒன்று. மகன் பொறியியலை எந்தக் கல்லூரியிலும் கற்கவில்லை. அளவைச் சங்கிலியைப் பிடித்துக்கொண்டு தந்தையின் பின்னால் நடந்தே கற்றார். அக்காலத்தில் பெரும்பாலான அமெரிக்கப் பொறியாளர்கள் உருவான வழியும் இதுவே.

1827-இல் பிலடெல்பியா – கொலம்பியா ரயில்பாதைக்கான அளவைக் குழுவில் சேர்ந்தார். அடுத்து நியூஜெர்சியின் கேம்டன் அண்ட் ஆம்பாய் ரயில்ரோடில் உதவிப் பொறியாளரானார். இன்று உலகெங்கும் பயன்படும் அடிப்பகுதி தட்டையான தண்டவாளத்தின் வடிவத்தை 1830-இல் உருவாக்கிய ராபர்ட் ஸ்டீவன்ஸ் அந்த நிறுவனத்தின் தலைவர். தாம்சன் 1830-களின் தொடக்கத்தில் இங்கிலாந்துக்கும் சென்று அங்குள்ள பாதைகளைப் பார்த்து வந்தார்.

ஜார்ஜியா: பருத்தியும் அடிமை உழைப்பும்

1834-இல், 26 வயதில், தாம்சனுக்குத் தெற்கிலிருந்து அழைப்பு வந்தது. ஜார்ஜியா மாநிலத்தின் ஏதென்ஸ் வட்டாரப் பருத்தித் தோட்ட முதலாளிகள் கூடி ஜார்ஜியா ரயில்ரோடு நிறுவனத்தைத் தொடங்கியிருந்தனர். தங்கள் பருத்தியை ஆற்றுத் துறைமுகமான அகஸ்டாவுக்குக் கொண்டுசெல்ல அவர்களுக்குப் பாதை தேவைப்பட்டது. தாம்சன் தலைமைப் பொறியாளரானார். அகஸ்டாவிலிருந்து மேற்கே 171 மைல் நீண்ட அந்தப் பாதை 1837-இன் நிதி நெருக்கடியால் தடைப்பட்டும் தொடர்ந்தும் 1845-இல்தான் முடிந்தது. அக்காலத்தில் ஒரே நிறுவனத்தின் கீழ் இருந்த மிக நீளமான பாதைகளுள் அது ஒன்று.

மண் வெட்டி, மேடு சமன் செய்யும் ஒப்பந்தங்களைப் பாதையோரத் தோட்ட முதலாளிகளே எடுத்தனர். அறுவடை இல்லாத காலத்தில் தங்கள் அடிமைகளை அந்த வேலைக்கு அனுப்பி, கூலியைத் தாங்கள் பெற்றுக்கொண்டனர். பலர் அதையே நிறுவனத்தின் பங்குகளாக மாற்றிக்கொண்டனர். ஆக, வெட்டியவனுக்கு ஒரு காசும் இல்லை, வெட்டச் சொன்னவருக்கு ஈவுத்தொகை. குவேக்கர் வீட்டில் பிறந்த தாம்சன் இந்த ஏற்பாட்டின் மேல்தான் தமது முதல் பெரும் வெற்றியைக் கட்டினார். தெற்கின் பல ரயில்பாதைகளும் இப்படித்தான் அமைந்தன என்பது உண்மை. ஆனாலும் அவரைப் பற்றிய பழைய பாராட்டுரைகள் இந்தப் பகுதியை இரண்டு வரியில் தாண்டிச் செல்வது நியாயமாகத் தோன்றவில்லை.

பாதை சென்று சேர்ந்த இடம் அப்போது ஒரு சிற்றூர். மாநில அரசின் வெஸ்டர்ன் அண்ட் அட்லாண்டிக் ரயில்பாதை அங்கே முடிவதால் முதலில் அதை 'டெர்மினஸ்' என்றே அழைத்தனர். பிறகு முன்னாள் ஆளுநர் வில்சன் லம்ப்கினின் மகள் மார்த்தாவின் பெயரால் 'மார்த்தாஸ்வில்' ஆயிற்று. சரக்குச் சீட்டுகளில் எழுத அந்தப் பெயர் நீளமாக இருந்ததால், ஜார்ஜியா ரயில்ரோடின் கண்காணிப்பாளர் ரிச்சர்டு பீட்டர்ஸ் வேறு பெயர் கேட்டுத் தாம்சனுக்கு எழுதினார். 'அட்லாண்டிக்' என்ற சொல்லைப் பெண்பாலாக்கி 'அட்லாண்டா' என்று தாம்சன் ஒரு புதுச்சொல்லைப் புனைந்து அனுப்பினார் என்பது வழக்கமாகச் சொல்லப்படும் வரலாறு. 1847-இல் அந்தப் பெயரிலேயே ஊர் நகராட்சி ஆனது. அதே பாதையில் உள்ள மற்றோர் ஊர் இன்றும் 'தாம்சன்' என்றே அழைக்கப்படுகிறது.

1864 நவம்பரில் ஜெனரல் ஷெர்மனின் படை அட்லாண்டாவை எரித்துவிட்டுக் கடலை நோக்கிப் புறப்பட்டபோது, அதன் இடதுபிரிவு இந்தப் பாதை வழியாகவே சென்றது. தண்டவாளங்களைப் பிடுங்கி, கட்டைகளைத் தீமூட்டி, அதில் இரும்பைக் காய்ச்சி மரங்களைச் சுற்றி வளைத்துவிட்டுப் போனது. அந்தப் பாதையைப் போட்ட தாம்சன் அப்போது வடக்கில், அதே வடக்குப் படைக்கு ஆளும் தளவாடமும் ஏற்றி அனுப்பும் நிறுவனத்தின் தலைவராக இருந்தார்.

பிலடெல்பியாவின் கவலை

1825-இல் நியூயார்க் மாநிலம் 363 மைல் நீள ஈரி கால்வாயைத் திறந்தது. ஒஹாயோ, இந்தியானா போன்ற மேற்குப் பகுதிகளின் தானியமும் இறைச்சியும் அதன் வழியே நியூயார்க்கில் வந்து இறங்கின. தெற்கே பால்டிமோர் நகரம் பால்டிமோர் அண்ட் ஒஹாயோ ரயில்பாதையைத் தொடங்கியது. இடையில் இருந்த பிலடெல்பியாவுக்கு வணிகம் கைநழுவிப் போகும் நிலை வந்தது. மற்ற இரு நகரங்களைவிட அதன் சிக்கலும் பெரிது: பிட்ஸ்பர்கு வரையிலான வழியில் அலிகெனி மலைத்தொடர் குறுக்கே நின்றது.

பென்சில்வேனியா அரசு கண்ட விடை 'மெயின் லைன்' எனப்பட்ட ஒரு கதம்ப வழி. பிலடெல்பியாவிலிருந்து கொலம்பியா வரை ரயில், பிறகு கால்வாய், மலைமேல் மீண்டும் ரயில், மலை இறங்கியதும் மீண்டும் கால்வாய். மலையைக் கடக்கும் பகுதிக்கு அலிகெனி போர்ட்டேஜ் ரயில்ரோடு என்று பெயர், 36 மைல் நீளம், 1834-இல் திறக்கப்பட்டது. அதில் பத்துச் சாய்தளங்கள் இருந்தன. ஒவ்வொன்றின் உச்சியிலும் நிலையாக நிறுத்திய நீராவி எந்திரம் கயிற்றால் வண்டிகளை மேலே இழுக்கும். சணல் கயிறுகள் அறுந்து விபத்துகள் நேர்ந்ததால் பின்னர் ஜான் ரோப்ளிங் செய்த இரும்புக்கம்பி வடங்கள் வந்தன. சில படகுகளைத் துண்டுகளாகக் கழற்றி, வண்டியில் ஏற்றி மலையைத் தாண்டவைத்து, மறுபக்கம் மீண்டும் பூட்டி நீரில் விட்டனர். வேடிக்கை பார்க்க அருமையான ஏற்பாடு, வணிகத்துக்கு மோசமானது. முழுப் பயணத்துக்கு ஏறத்தாழ நான்கு நாள் ஆனது. குளிர்காலத்தில் கால்வாய் உறைந்தால் அதுவும் இல்லை.

எனவே பிலடெல்பியா வணிகர்கள் முழுவதும் ரயிலிலேயே செல்லும் பாதையைக் கோரினர். 1846 ஏப்ரல் 13-இல் பென்சில்வேனியா ரயில்ரோடுக்குச் சட்டப்படி உரிமம் கிடைத்தது. அதே நேரத்தில் பிட்ஸ்பர்குக்குப் பாதை போடும் அனுமதியைச் சட்டமன்றம் பால்டிமோர் நிறுவனத்துக்கும் நிபந்தனையோடு கொடுத்திருந்தது. குறித்த காலத்துக்குள் பென்சில்வேனியா நிறுவனம் 30 லட்சம் டாலருக்குப் பங்கு விற்று, பாதையின் இரு முனைகளிலும் வேலையை ஒப்பந்தம் விட்டால்தான் பால்டிமோரின் அனுமதி செல்லாது. பிலடெல்பியாவில் வீடு வீடாகப் போய்ப் பங்கு விற்றனர். நகராட்சியும் பெருமளவு வாங்கியது. கெடுவுக்குள் நிபந்தனை நிறைவேறியது. 1847-இல் தாம்சன் தலைமைப் பொறியாளராக அமர்த்தப்பட்டார்.

மலையை ஏறிய விதம்

தாம்சனுக்கு முன்பே சார்லஸ் ஷ்லாட்டர் என்ற பொறியாளர் இந்த வழியை அளந்திருந்தார். ஏற்றத்தை நீண்ட தொலைவுக்குப் பரப்பி, எங்கும் மென்மையான சரிவாக வைப்பது அவர் திட்டம். கேட்பதற்கு அறிவுக்கு ஒத்ததாகவே தோன்றும். தாம்சன் இதற்கு நேர்மாறாகச் சிந்தித்தார்.

ரயில் எந்திரம் எவ்வளவு சுமை இழுக்கும் என்பதை, பாதையில் உள்ள மிகக் கடினமான ஏற்றமே முடிவு செய்கிறது. ஏற்றத்தை நெடுந்தொலைவுக்குப் பரப்பினால் அந்தத் தொலைவு முழுவதும் எந்திரம் குறைந்த சுமையோடுதான் போக வேண்டும். அதற்குப் பதிலாக ஹாரிஸ்பர்கிலிருந்து ஜூனியாட்டா ஆற்றங்கரையை ஒட்டியே, கிட்டத்தட்டச் சமதளமாக, மலையின் காலடிவரை சென்றுவிடலாம். ஏற்றம் முழுவதையும் அங்கிருந்து பன்னிரண்டு மைல் அளவுக்குள் அடக்கிவிடலாம். அந்தப் பன்னிரண்டு மைலுக்கு மட்டும் துணை எந்திரங்களை நிறுத்திவைத்தால் போதும். மீதி வழியெல்லாம் ஒரே எந்திரம் முழுச் சுமையை இழுக்கும். பொறியாளரின் கணக்கு என்பதோடு இது ஒரு வணிகரின் கணக்கும்கூட. செலவு எங்கே விழ வேண்டும் என்பதை அவரே தேர்ந்தெடுத்தார்.

அந்தக் காலடியில் துணை எந்திரங்களுக்கும் பழுதுபார்க்கும் பட்டறைகளுக்கும் ஓர் ஊர் தேவைப்பட்டது. 1849-இல் நிறுவனமே நிலம் வாங்கி அல்டூனா நகரை உருவாக்கியது. அங்கிருந்து மலையுச்சியில் உள்ள கலிட்சின் சுரங்கம் வரை பாதை ஏறத்தாழ 1,000 அடி உயர வேண்டும்.

இடையில் ஒரு பள்ளத்தாக்கு குறுக்கிட்டது. அதற்கு நேராகப் பாலம் போட்டால் சரிவு மிகவும் செங்குத்தாகிவிடும். தாம்சன் பாதையைப் பள்ளத்தாக்கின் ஒரு பக்கமாக உள்ளே கொண்டுபோய், அதன் தலைப்பகுதியில் மண்கரை அமைத்துத் திருப்பி, மறுபக்கமாக வெளியே கொண்டுவந்தார். வளைவு குதிரை லாடம்போல இருந்ததால் 'ஹார்ஸ் ஷூ கர்வ்' என்ற பெயர் நிலைத்தது. நீளம் சுமார் 2,375 அடி. 100 அடிக்கு ஏறத்தாழ 1.8 அடி ஏற்றம். நீண்ட ரயில் வளைவில் ஏறும்போது அதன் முன்பகுதியும் பின்பகுதியும் பள்ளத்தாக்கின் எதிரெதிர்ப் பக்கங்களில், எதிரெதிர்த் திசையில் ஓடுவதைக் காணலாம். மண்வெட்டி, கடப்பாறை, தள்ளுவண்டி, வெடிமருந்து ஆகியவற்றைக் கொண்டு இதை வெட்டி முடித்தவர்கள் பெரும்பாலும் அயர்லாந்திலிருந்து வந்த தொழிலாளர்கள்.

1854 பிப்ரவரி 15-இல் இந்தப் பகுதி திறக்கப்பட்டது. கயிற்றுச் சாய்தளங்களின் துணையில்லாமல் பிலடெல்பியாவிலிருந்து பிட்ஸ்பர்குக்கு ஒரே நாளுக்குள் போக முடிந்தது. இரண்டாம் உலகப் போரில், 1942-இல், ஜெர்மனி இரகசியமாக அனுப்பிய நாசவேலைக் குழுவின் இலக்குப் பட்டியலில் இந்த வளைவும் இருந்தது. அவர்கள் அதற்குள் பிடிபட்டனர். சரக்கு ரயில்கள் இன்றும் இதே வளைவில்தான் ஏறுகின்றன.

தலைவர் பதவி

மலைப்பகுதி முடியும் முன்பே நிறுவனத்துக்குள் சச்சரவு முற்றியது. முதல் தலைவர் சாமுவேல் மெரிக்கும் அடுத்து வந்த வில்லியம் பாட்டர்சனும் பிலடெல்பியா வணிகர் வட்டத்தைச் சேர்ந்தவர்கள். ரயில்வே தொழிலை உள்ளிருந்து அறிந்த தாம்சனுக்கு இயக்குநர் குழுவின் தலையீடு பொறுக்கவில்லை. பிட்ஸ்பர்கோடு நின்றுவிடுவதா, ஒஹாயோவுக்குள் செல்லும் பாதைகளிலும் பணம் போடுவதா என்பது முக்கியக் கேள்வி. தாம்சன் மேற்கே போக வேண்டும் என்றார். 1852 பிப்ரவரியில் அவர் ஆதரவாளர்கள் வென்று, அவர் தலைவரானார். பொறியாளர் ஒருவர் முதலாளிகளின் நாற்காலியில் அமர்ந்தது அன்றைக்குச் சிறிய செய்தி அல்ல.

அரசு போட்டியாளராகவும் இருந்தது, நடுவராகவும் இருந்தது. தன் கால்வாய் வருவாய் குறையாமலிருக்க, பென்சில்வேனியா ரயில்ரோடு ஏற்றும் ஒவ்வொரு டன் சரக்குக்கும் மாநிலம் வரி விதித்திருந்தது. தாம்சன் பொறுமையாகக் காத்திருந்தார். நட்டத்தில் ஓடிய மெயின் லைனை 1857-இல் அரசு ஏலத்தில் விட்டபோது, 75 லட்சம் டாலருக்குக் கேட்ட ஒரே ஆள் அவர்தான். கூடுதல் தொகை கொடுத்தால் வரியிலிருந்தும் விடுபடலாம் என்று சட்டம் சொன்னது; மாநில உச்ச நீதிமன்றம் அந்தப் பகுதியைச் செல்லாது என்றது. வரி ஒழிய 1861 வரை ஆனது. அதற்காகச் சட்டமன்றத்தில் காய் நகர்த்தியவர் தாம்சனின் வலக்கையான தாமஸ் ஸ்காட். தாம்சன் அமைதியாகவும் நேர்மையானவராகவும் பெயர் வாங்க முடிந்ததற்கு, கை அழுக்காகும் வேலைகளை ஸ்காட் பார்த்துக்கொண்டதும் ஒரு காரணம் எனலாம்.

நிர்வாக முறை

ஐந்நூறு பேர் வேலை செய்யும் ஆலையை முதலாளி ஒரு சுற்றுச் சுற்றிவந்து பார்த்துவிடலாம். நூற்றுக்கணக்கான மைலுக்குப் பரந்து கிடக்கும் ரயில்பாதையை அப்படிப் பார்க்க முடியாது. ஒரு நிலையத்தில் நடக்கும் தவறு இன்னொரு நிலையத்தில் இரு ரயில்கள் மோதுவதில் முடியும். இந்தச் சிக்கலை எதிர்கொண்ட முதல் தொழில் ரயில்வேதான்.

ஈரி ரயில்ரோடில் டேனியல் மெக்கல்லம் 1850-களின் நடுவில் அதிகாரப் படிநிலைகளை எழுத்தில் வகுத்தார். தாம்சன் அதை மேலும் கொண்டுசென்றார். அவருடைய 1857-ஆம் ஆண்டுச் சீரமைப்பில் நிதி, கணக்கு ஆகியவை போக்குவரத்து இயக்கத்திலிருந்து பிரிக்கப்பட்டன. பாதை பல கோட்டங்களாகப் பகுக்கப்பட்டு, ஒவ்வொன்றுக்கும் ஒரு கண்காணிப்பாளர் அமர்த்தப்பட்டார். தம் கோட்டத்தில் ரயிலை ஓட்டுவது, ஆட்களை நடத்துவது ஆகியவற்றில் அவருக்கே அதிகாரம். எந்திரம் எப்படிப் பராமரிக்கப்பட வேண்டும், தண்டவாளம் எத்தரத்தில் இருக்க வேண்டும் என்ற விதிகளைத் தலைமையகத்தின் தொழில்நுட்ப அதிகாரிகள் வகுப்பார்கள். ஆனால் ஆட்களுக்கு நேரடியாகக் கட்டளையிட மாட்டார்கள். ஒருவர் விதியைச் சொல்கிறார், மற்றவர் வேலையை நடத்துகிறார். இன்று எந்தப் பெரிய நிறுவனத்திலும் சாதாரணமாகத் தெரியும் இந்தப் பிரிவினையின் மிக முந்தைய தெளிவான வடிவம் இதுவே என்று வணிக வரலாற்றாளர் ஆல்பிரட் சாண்ட்லர் மதிப்பிட்டார்.

இந்த ஏற்பாட்டுக்குள் வளர்ந்த இளைஞர்களுள் ஒருவர் ஆண்ட்ரூ கார்னகி. ஸ்காட்டின் தந்தி எழுத்தராகச் சேர்ந்து, 1859-இல் பிட்ஸ்பர்குக் கோட்டத்தின் கண்காணிப்பாளரானார். ஒவ்வொரு வேலைக்கும் ஆகும் செலவைத் தனித்தனியாகக் கணக்கிடும் பழக்கத்தை அவர் எஃகுத் தொழிலுக்கு இங்கிருந்துதான் கொண்டுபோனார்.

உள்நாட்டுப் போர்

1861 ஏப்ரல் 19-இல் வாஷிங்டனைக் காக்கச் சென்ற மாசசூசெட்ஸ் படையைப் பால்டிமோரில் கூட்டம் தாக்கியது. நகரைச் சுற்றியிருந்த ரயில் பாலங்கள் எரிக்கப்பட்டன, தலைநகர் துண்டிக்கப்பட்டது. தாம்சனும் பிலடெல்பியா – பால்டிமோர் பாதையின் தலைவர் சாமுவேல் ஃபெல்டனும் மாற்று வழி வகுத்தனர்: பெர்ரிவில் வரை ரயில், அங்கிருந்து செசபீக் விரிகுடா வழியே அனாபொலிசுக்குப் படகு, மீண்டும் ரயில். சில நாள்களில் வாஷிங்டனுக்குப் படை வந்து சேர்ந்தது. ஸ்காட் பின்னர் போர்த்துறையின் உதவிச் செயலரானார். அவரை அனுப்பிவைத்துவிட்டுத் தாம்சன் பிலடெல்பியாவிலேயே இருந்தார். போரால் மிசிசிப்பி ஆற்று வழி அடைபட்டதால் மேற்கின் சரக்கெல்லாம் கிழக்கு நோக்கித் திரும்பியது. நிறுவனத்தின் வருவாய் பெருகியது.

இரும்புத் தண்டவாளங்கள் கனமான போக்குவரத்தில் விரைவில் தேய்ந்தன. 1860-களின் தொடக்கத்தில் தாம்சன் இங்கிலாந்திலிருந்து எஃகுத் தண்டவாளங்களை வரவழைத்துச் சோதித்தார். விலை கூடுதல், ஆனால் பல மடங்கு உழைத்தன. 1865-இல் தொடங்கிய பென்சில்வேனியா ஸ்டீல் கம்பெனிக்கு நிறுவனம் துணைநின்றது.

விரிவாக்கம்

1869-இல் ஜே கூல்டு, பிட்ஸ்பர்கிலிருந்து சிகாகோ செல்லும் பிட்ஸ்பர்கு – ஃபோர்ட் வெய்ன் – சிகாகோ நிறுவனத்தைப் பங்குகள் மூலம் கைப்பற்ற முயன்றார். அது போனால் பென்சில்வேனியாவுக்கு மேற்கு வாசல் மூடிவிடும். ஒரே தேர்தலில் இயக்குநர் குழு முழுவதையும் மாற்ற முடியாதபடி ஒரு சட்டம் ஹாரிஸ்பர்கில் வியக்கத்தக்க வேகத்தில் நிறைவேறியது. கூல்டின் திட்டம் முறிந்தது. அதே ஆண்டில் பென்சில்வேனியா அந்தப் பாதையை 999 ஆண்டுக் குத்தகைக்கு எடுத்தது. 1870-இல் பிட்ஸ்பர்குக்கு மேற்கே உள்ள பாதைகளை நிர்வகிக்க 'பென்சில்வேனியா கம்பெனி' உருவானது. பிற நிறுவனங்களின் பங்குகளை வைத்திருப்பதே முதன்மைப் பணியான நிறுவனங்களுக்கு இது ஒரு முன்னோடி. 1871-இல் நியூஜெர்சியின் பாதைகள் குத்தகைக்கு வந்தன; நியூயார்க் துறைமுகம் வரை வழி திறந்தது. தாம்சன் இளம் வயதில் உதவிப் பொறியாளராக உழைத்த கேம்டன் அண்ட் ஆம்பாயும் அவற்றுள் ஒன்று.

இந்த வளர்ச்சியோடு ஒட்டிய இன்னொரு பக்கமும் உண்டு. ரயில்வேக்குப் பாலம் கட்டிக்கொடுத்த கீஸ்டோன் பிரிட்ஜ் கம்பெனி போன்றவற்றில் தாம்சனுக்கும் ஸ்காட்டுக்கும் பங்கு இருந்தது. வாங்குபவரும் விற்பவரும் ஒரே ஆள். இன்று இதைக் குற்றம் என்போம். அன்று சட்டம் தடுக்கவில்லை. பங்குதாரர்களுக்குத் தவறாமல் ஈவுத்தொகை வந்துகொண்டிருந்தவரை யாரும் உரக்கக் கேட்கவும் இல்லை.

1873-உம் அதன் பின்னும்

1873 செப்டம்பரில் ஜே குக் வங்கி விழுந்தது. நாடெங்கும் நிதி நெருக்கடி. ஸ்காட் தலைமை வகித்த டெக்சஸ் அண்ட் பசிஃபிக் ரயில்பாதையில் தாம்சனும் தம் பெயரையும் பணத்தையும் போட்டிருந்தார். கடனைப் புதுப்பிக்கக் கையெழுத்துக் கேட்ட ஸ்காட்டுக்குக் கார்னகி மறுத்துவிட்டார். பென்சில்வேனியா பங்குதாரர்கள் 1874-இல் ஒரு விசாரணைக் குழுவை அமைத்தனர். இருபது ஆண்டுகளாகக் கேள்வியே கேட்கப்படாதவரின் கணக்குகள் திறந்து பார்க்கப்பட்டன. குழுவின் அறிக்கை வந்தபோது நிறுவனத்தின் அடித்தளம் உறுதியாகவே இருப்பது தெரிந்தது. ஆனால் தாம்சன் அதைப் பார்க்கவில்லை. அந்த ஆண்டு மே 27-இல் பிலடெல்பியாவில் இறந்துவிட்டார். ஸ்காட் அடுத்த தலைவரானார்.

1875-இல் கார்னகி பிட்ஸ்பர்கு அருகே பிராடக்கில் தமது பெரும் எஃகு ஆலையைத் திறந்து, அதற்கு 'எட்கர் தாம்சன் ஸ்டீல் ஒர்க்ஸ்' என்று பெயரிட்டார். கட்டுமானத்தின்போதே இந்த மரியாதையைத் தாம்சனிடம் தெரிவித்தபோது, அமெரிக்க எஃகுத் தண்டவாளங்களின் தரம் அப்படியொன்றும் பெயர் சொல்லும்படி இல்லையே என்று அவர் தயங்கியதாகக் கார்னகி தம் தன்வரலாற்றில் எழுதியிருக்கிறார். மரியாதைக்குள் கணக்கும் இருந்தது: ஆலையின் முதல் கொள்முதல் ஆணை, 2,000 தண்டவாளங்களுக்கு, பென்சில்வேனியா ரயில்ரோடிடமிருந்து வந்தது. அந்த ஆலை இன்றும் இயங்குகிறது.

உயில்

தாம்சன் லவினியா ஸ்மித்தை நடுவயதில்தான் மணந்தார். அவர்களுக்குச் சொந்தக் குழந்தைகள் இல்லை. தம் சொத்தின் பெரும்பகுதியை, பணியில் உயிரிழந்த ரயில்வே ஊழியர்களின் மகள்களை வளர்த்துப் படிக்கவைக்கும் அறக்கட்டளைக்கு அவர் எழுதிவைத்திருந்தார்.

ஏன் குறிப்பாக ரயில்வே ஊழியர்களின் பிள்ளைகள் என்பது அன்றைய வேலை நிலையை அறிந்தவர்களுக்குப் புரியும். பிரேக் போடுபவர் ஓடும் சரக்கு வண்டிகளின் கூரைமேல் ஒன்றிலிருந்து ஒன்றுக்குத் தாவி, கையால் சக்கரத்தைத் திருகி பிரேக் போட வேண்டும். மழையிலும் பனியிலும் அப்படியே. இரு பெட்டிகளை இணைக்க நடுவே நின்று கொக்கியில் ஆணியைச் செருக வேண்டும்; விரல் போனவர்களும் நசுங்கி இறந்தவர்களும் ஏராளம். உடன் வேலை செய்பவரின் தவறால் ஒருவர் பாதிக்கப்பட்டால் முதலாளி பொறுப்பல்ல என்று மாசசூசெட்ஸ் நீதிமன்றம் 1842-இல் ஒரு ரயில்வே வழக்கில் தீர்ப்பளித்திருந்தது. பிற மாநிலங்களும் அதையே பின்பற்றின. எனவே இறந்தவரின் குடும்பத்துக்குச் சட்டப்படி எதுவும் கிடைப்பது அரிது.

22 ஆண்டுகள் தலைவராக இருந்த தாம்சன் நினைத்திருந்தால் நிறுவனத்தின் பணத்திலேயே ஒரு நிவாரண நிதி தொடங்கியிருக்கலாம். செய்யவில்லை. தம் சொந்தப் பணத்தை, தம் இறப்புக்குப் பின், கொடுத்தார். பென்சில்வேனியா ரயில்ரோடு ஊழியர்களுக்கான நிவாரணப் பிரிவு 1886-இல்தான் வந்தது. அதற்கும் ஊழியர்கள் தங்கள் சம்பளத்திலிருந்து பணம் கட்ட வேண்டியிருந்தது. தாம்சனின் அறக்கட்டளை அதற்கு நான்கு ஆண்டுகள் முன்பே, 1882-இல், பிலடெல்பியாவில் சிறுமிகளுக்கான இல்லத்தைத் திறந்துவிட்டது. இல்லம் பின்னாளில் மூடப்பட்டாலும், பணியில் இறந்த ரயில்வே ஊழியர்களின் மகள்களுக்கு உதவித்தொகை வழங்கும் பணியை அறக்கட்டளை தொடர்ந்தது.